மருந்துக்கு முந்தைய உடல்: கே.வி. ஐயரும் தசையின் அறிவியலும்

கோலார் வெங்கடேச ஐயர் என்னும் கே.வி. ஐயர், 20ஆம் நூற்றாண்டின் முற்பாதியில் இந்தியாவிலேயே அதிகம் பேசப்பட்ட உடற்கட்டுக் கலைஞர்களில் ஒருவர். கோலார் மாவட்டத்தில் பிறந்து பெங்களூரில் வளர்ந்து, அந்த நகரிலேயே 1922இல் ‘ஹெர்குலிஸ் ஜிம்னேசியம்’ என்ற உடற்பயிற்சிக் கூடத்தைத் தொடங்கினார். 1930இல் அவர் எழுதிய ‘மசில் கல்ட்’ என்ற ஆங்கில நூல் வெளிவந்தது. ‘பெர்ஃபெக்ட் ஃபிசிக்’, ‘சூரிய நமஸ்கார்’ ஆகிய நூல்கள் பின்னால் வந்தன. பிரிட்டனில் அச்சான உடற்பயிற்சி இதழ்களில் அவருடைய படங்கள் வந்தன. தேவர்களும் ஆசைப்படும் உடல் தன்னுடையது என்று தன்னைப் பற்றித் தானே எழுதிக்கொள்ளத் தயங்காதவர். அந்தப் படங்களைப் பார்க்கிறவர்களுக்கு அது வெறும் பெருமையடிப்பாகத் தோன்றாது.

அந்தப் படங்களுக்கு இன்று வேறொரு மதிப்பும் சேர்ந்திருக்கிறது. ஐயரின் உடல் உருவான காலத்தில் செயற்கை டெஸ்டோஸ்டிரோன் உலகின் எந்த மருந்துக்கடையிலும் கிடையாது. எந்த ஆய்வுக்கூடத்திலும் கிடையாது. பயிற்சி, உணவு, உறக்கம் என்ற மூன்றை மட்டும் கொண்டு மனிதத் தசை எவ்வளவு தூரம் வளரும் என்பதற்கு 1930க்கு முந்தைய புகைப்படங்களை விட நம்பகமான சான்று கிடைப்பது கடினம். ஜே.சி. சாலையில் அவர் பின்னாளில் நடத்திய ‘வியாயாமசாலை’ என்ற பயிற்சிக் கூடம் இருந்த இடத்திலிருந்து சுமார் ஏழு கிலோமீட்டரில் இருக்கிறது ஈஜிபுரா. கோரமங்கலாவுக்கும் விவேக்நகருக்கும் இடையே நெருக்கிக் கட்டப்பட்ட இந்தப் பகுதியில், கடைகளுக்கு மேல் மாடிகளில் இயங்கும் சிறு ஜிம்களில் தமிழும் கன்னடமும் இந்தியும் கலந்து ஒலிக்கின்றன. அங்கே கண்ணாடி முன் நின்று தன் கையை மடக்கிப் பார்க்கும் இளைஞன் எந்த உடலோடு தன்னை ஒப்பிட வேண்டும் என்ற கேள்விக்கு ஐயரின் வாழ்க்கையில் விடை இருக்கிறது.

ஐயருக்கு முன்னோடி யூஜின் சாண்டோ. பிரஷ்யாவில் பிறந்து லண்டனில் புகழ்பெற்ற சாண்டோ, பாரம் தூக்குவதோடு நிற்காமல், பாரம் தூக்கிய உடலையே காட்சிப் பொருளாக்கியவர். 1901இல் லண்டன் ராயல் ஆல்பர்ட் அரங்கில் அவர் நடத்திய போட்டிதான் பெரிய அளவில் நடந்த முதல் உடற்கட்டுப் போட்டி. ஷெர்லாக் ஹோம்ஸைப் படைத்த ஆர்தர் கோனன் டாயில் அதன் நடுவர்களில் ஒருவர். 1904–05இல் சாண்டோ இந்தியாவுக்கும் வந்தார். அந்த வருகையின் சுவடு தமிழில் இன்னும் அழியவில்லை. கைகள் தெரியும் பனியனுக்குச் ‘சாண்டோ பனியன்’ என்று பெயர் வந்தது அவரால்தான். கட்டுடலுக்குப் பேர்போன திரைப்படத் தயாரிப்பாளர் சின்னப்பா தேவரின் பெயருக்கு முன்னால் ‘சாண்டோ’ ஒட்டிக்கொண்டதும் அப்படித்தான். ஔந்து சமஸ்தானத்தின் அரசரும் சூரிய நமஸ்காரத்தை நாடெங்கும் பரப்பியவருமான பவன்ராவ் பந்த் பிரதிநிதி, முதலில் பல ஆண்டுகள் சாண்டோவின் கருவிகளை வைத்துத்தான் பயிற்சி செய்துகொண்டிருந்தார்.

சாண்டோவின் அலை வெற்று மண்ணில் வந்து மோதவில்லை. பெங்களூரில் பேட்டைக்குப் பேட்டை கரடி மனைகள் எனப்படும் மல்யுத்தப் பயிற்சிக் கூடங்கள் இருந்தன. குழைத்துப் பதப்படுத்திய செம்மண் தளம், அனுமன் படம், கர்லா கட்டை, தண்டால், பஸ்கி, மல்யுத்தம் ஆகியவை அந்த உலகத்தின் அடையாளங்கள். தர்மராயசுவாமி கோயில் கரக விழாவில் வாளேந்திச் செல்லும் வீரகுமாரர்களின் மரபும் கரடி மனைகளோடு பின்னியது. தமிழ்நாட்டுக் கிராமங்களில் இளவட்டக்கல் இருந்தது. உருண்டையான பெரிய கல்லைத் தோளுக்கு மேல் தூக்கிப் பின்னால் போடுபவன் மணமகனாகத் தகுதி பெற்றான். ஆனால் இளவட்டக்கல்லுக்கு ஒரு குறை உண்டு. அதன் எடை மாறாது. தூக்க முடியாதவனுக்கு அது தொடக்கத்திலேயே பெரும் தடை. தூக்கிவிட்டவனுக்கு அதற்கு மேல் கற்றுத்தர அதனிடம் எதுவுமில்லை. தட்டு தட்டாகச் சேர்க்கக்கூடிய பார்பெல் வந்தபோதுதான் பாரத்தைக் கொஞ்சம் கொஞ்சமாக ஏற்றும் வழி எளிதானது. இந்தச் சிறு வேறுபாட்டில்தான் தசை வளர்ப்பின் அறிவியல் முழுவதும் அடங்கியிருக்கிறது.

மனித உடலில் எலும்போடு இணைந்த தசைகள் 600க்கும் மேல். ஆண்களின் உடல் எடையில் ஏறக்குறைய ஐந்தில் இரண்டு பங்கு இவைதான். ஒவ்வொரு தசையும் மயிரிழை போன்ற ஆயிரக்கணக்கான, பெரிய தசைகளில் லட்சக்கணக்கான, இழைகளின் கட்டு. ஓர் இழை என்பது ஒரே ஒரு செல். ஆனால் மற்றச் செல்களைப் போல அதற்கு ஒரு கரு மட்டும் இல்லை, நூற்றுக்கணக்கில் உண்டு. இழைக்குள்ளே நுண்ணிழைகள், நுண்ணிழைகளுக்குள்ளே சார்கோமியர் எனப்படும் அறைகள், ரயில் பெட்டிகளைப் போல ஒன்றன்பின் ஒன்றாகக் கோக்கப்பட்டிருக்கின்றன. ஓர் அறையின் நீளம் ஒரு மில்லிமீட்டரில் ஐந்நூறில் ஒரு பங்குக்குச் சற்று அதிகம்.

அந்த அறைக்குள்தான் இழுப்பு நிகழ்கிறது. ஆக்டின் என்ற மெல்லிய புரதக் கயிறும் மயோசின் என்ற தடித்த புரதக் கயிறும் இடைகலந்து கிடக்கின்றன. மயோசினிலிருந்து நீளும் சிறு தலைகள் ஆக்டினைப் பற்றி இழுத்து, விட்டு, மறுபடி பற்றுகின்றன. கிணற்றுக் கயிற்றைக் கைமாற்றிக் கைமாற்றி இழுப்பதைப் போன்ற வேலை இது. கயிறுகள் தாமாகச் சுருங்குவதில்லை, ஒன்றின் மேல் ஒன்று சறுக்குகின்றன. அறை குறுகுவதும், அதனால் தசை முழுவதும் குறுகுவதும் இந்தச் சறுக்கலால்தான். இதை 1954இல் தனித்தனியாக இயங்கிய இரண்டு குழுக்கள் ஒரே நேரத்தில் வெளியிட்டன. ஐயர் தன் தசைகளைப் படம் பிடித்துக் காட்டியபோது, அவற்றுக்குள் என்ன நடக்கிறது என்று உலகில் ஒருவருக்கும் தெரியாது. அவர் நூல் எழுதிய பிறகு கால் நூற்றாண்டு காத்திருக்க வேண்டியிருந்தது.

பயிற்சியால் தசை பெருக்கும்போது இழைகளின் எண்ணிக்கை பெரிதாகக் கூடுவதில்லை. இருக்கும் இழைகள் பருமனாகின்றன. இழைக்குள் நுண்ணிழைகள் கூடுதலாகச் சேர்கின்றன. இந்த வேலையைத் தொடங்கிவைப்பது இழுவிசை. பாரத்தை எதிர்த்து இழை இறுகும்போது, செல்லின் உறையிலும் உள்கட்டமைப்பிலும் இருக்கும் உணரிகள் அந்த விசையை வேதிச் செய்தியாக மாற்றுகின்றன. எம்டார் எனப்படும் புரதக் கூட்டம் அந்தச் செய்தியை வாங்கிக்கொண்டு, புதிய புரதம் கட்டும் இயந்திரங்களை முடுக்கிவிடுகிறது. ஒரு நல்ல பயிற்சிக்குப் பிறகு இந்தக் கட்டுமானம் ஒன்றிரண்டு நாட்கள் வரை கூடுதல் வேகத்தில் நடக்கும். தசை வளர்வது ஜிம்மில் அல்ல, வீடு திரும்பிச் சாப்பிட்டுத் தூங்கும்போதுதான் என்று பயிற்சியாளர்கள் சொல்வது இந்த வகையில் சரியே. இழையின் ஓரத்தில் ஒட்டிக்கொண்டிருக்கும் துணைச்செல்களுக்கும் இதில் பங்குண்டு. 1961இல் அலெக்சாண்டர் மௌரோ கண்டறிந்த இவை, தேவைப்படும்போது பெருகி இழையோடு இணைந்து தங்கள் கருக்களை அதற்குத் தந்துவிடுகின்றன.

இங்கே இரண்டு தவறான நம்பிக்கைகளை விலக்க வேண்டும். தசை கிழிந்தால்தான் வளரும் என்பது ஒன்று. சேதம் ஏற்படுவது உண்மை. ஆனால் வளர்ச்சிக்கு அது கட்டாயமில்லை. அளவு மீறினால் சரிசெய்வதிலேயே உடலின் உழைப்பு செலவாகிவிடும். மறுநாள் வரும் வலிக்கு லாக்டிக் அமிலம் தேங்குவதே காரணம் என்பது இன்னொன்று. அந்த அமிலம் ஒன்றிரண்டு மணி நேரத்தில் ரத்தத்திலிருந்து நீங்கிவிடும். வலியோ பெரும்பாலும் இரண்டாம் நாள்தான் உச்சத்துக்கு வருகிறது.

ஜிம்மில் சேர்ந்த எவரும் முதல் மாதத்தில் ஒரு விந்தையைக் கவனித்திருப்பார்கள். கை சற்றும் தடிக்கவில்லை, ஆனால் தூக்கும் எடை வாரத்துக்கு வாரம் கூடுகிறது. அந்தக் கட்டத்தில் கற்றுக்கொள்வது நரம்பு மண்டலம். முதுகுத் தண்டிலிருந்து புறப்படும் ஒரு நரம்புச் செல் பல நூறு தசை இழைகளை ஆள்கிறது. சிறு வேலைக்குச் சிறிய அணிகள் மட்டும் அழைக்கப்படும், பெரிய பாரம் வந்தால்தான் பெரிய அணிகள் களமிறங்கும். பயிற்சி இல்லாதவரால் தன் முழுப் படையையும் ஒரே நேரத்தில் இறக்க முடியாது. சில வாரங்களில் அந்த ஒருங்கிணைப்பு கைவருகிறது. பருமன் அதற்குப் பிறகுதான் கண்ணுக்குத் தெரியத் தொடங்கும்.

ஐயரின் காலத்தில் மேடைகளைக் கலக்கிய ‘தசைக் கட்டுப்பாடு’ என்ற வித்தை இந்த நரம்பாட்சியின் உச்சம். வயிற்றின் நடுத்தசையைத் தூணாக எழுப்பி இடமும் வலமும் சுழற்றுவது, தோள்பட்டை எலும்பைச் சிறகாக விரிப்பது, ஒரு மார்பை மட்டும் துள்ள வைப்பது போன்றவை அதில் அடங்கும். ஐரோப்பாவில் மாக்ஸிக் என்பவர் இதை ஒரு முறையாக வளர்த்தார். கல்கத்தாவில் பிஷ்ணு சரண் கோஷ், ஐயரின் நூல் வந்த அதே 1930இல் இதைப் பற்றி நூல் வெளியிட்டார். அவரிடம் பயின்ற மனதோஷ் ராய் 1951இல் மிஸ்டர் யுனிவர்ஸ் போட்டியில் தன் பிரிவில் வென்றார். ஆனால் வயிற்றைச் சுழற்றும் வித்தை ஹட யோகத்தில் ‘நௌலி’ என்ற பெயரில் ஏற்கெனவே இருந்தது. மேலை நாட்டார் புதுமை என்று காட்டியதை ஐயரால் தன் நாட்டுச் சொத்தாகவே எடுத்துக்கொள்ள முடிந்தது.

இந்த இணைப்புத்தான் ஐயரின் தனித்தன்மை. பார்பெல், டம்பெல், எஃகு ஸ்பிரிங், இழுவைப் பட்டை என்று எல்லாவற்றையும் பயன்படுத்தியவர் அவர். அப்படிப்பட்டவரே தன் உடலை உருவாக்கியதில் கருவிகளை விட ஹட யோகத்துக்குத்தான் கூடுதல் பங்கு என்று ‘மசில் கல்ட்’ நூலில் எழுதினார். ஹெர்குலிஸ் ஜிம்னேசியம் முதலில் இயங்கியது திப்பு சுல்தானின் அரண்மனையில். ஐயரோடு சேர்ந்து இயங்கிய யோகாசாரியார் சுந்தரம், ‘யோகிக் ஃபிசிக்கல் கல்ச்சர்’ என்ற நூலை எழுதினார். ஆசனங்களைப் படங்களோடு பொதுமக்களுக்கு விளக்கிய முன்னோடி நூல்களில் அது ஒன்று. மேடைகளில் ஐயர் தசை காட்டுவார், சுந்தரம் ஆசனம் காட்டுவார். மைசூர் மகாராஜா நான்காம் கிருஷ்ணராஜ உடையாரின் ஆதரவும் ஐயருக்குக் கிடைத்தது. மைசூரில் ஜகன்மோகன் அரண்மனையில் ஐயரின் வழிவந்த பயிற்சிக் கூடம் ஒன்று நடந்த அதே காலத்தில், அதே அரண்மனை வளாகத்தில் திருமலை கிருஷ்ணமாச்சாரியார் 1933 முதல் யோகசாலை நடத்தினார். பி.கே.எஸ். ஐயங்கார், பட்டாபி ஜோயிஸ் என்று பின்னால் உலகுக்கு யோகம் கற்பித்தவர்கள் வந்தது அந்தச் சாலையிலிருந்து. இன்று உலகெங்கும் யோக வகுப்புகளில் காணப்படும் சுறுசுறுப்பான ஆசன வரிசைகளுக்கும், தண்டால் எடுத்த உடற்பயிற்சி மரபுக்கும் உறவு உண்டா என்று யோக வரலாற்றாளர் மார்க் சிங்கிள்டன் 2010இல் வெளிவந்த தன் நூலில் விரிவாக ஆராய்ந்திருக்கிறார். ஐயர் 1937இல் சூரிய நமஸ்காரத்துக்குத் தனி நூல் எழுதினார். சூரிய நமஸ்காரம் அவருக்கு உடல் வளர்க்கும் பயிற்சி.

தண்டாலும் சூரிய நமஸ்காரமும் தசையை வளர்க்குமா என்ற கேள்விக்கு இன்றைய ஆய்வுகள் ஆம் என்றே சொல்கின்றன, ஒரு நிபந்தனையோடு. சாதாரணத் தண்டாலில் உடல் எடையில் சுமார் மூன்றில் இரண்டு பங்கு கைகளில் இறங்குகிறது. 60 கிலோ எடையுள்ளவருக்கு அது 40 கிலோ. பத்தே முறை எடுத்துத் திணறும் ஒருவருக்கு அது கனத்த பயிற்சி. நூறு எடுப்பவருக்கு அது தாங்குதிறனைக் கூட்டும் பயிற்சி மட்டுமே. 2012இல் கனடாவின் மெக்மாஸ்டர் பல்கலைக்கழகக் குழு ஒன்று, தூக்க முடிந்த உச்ச எடையில் 30 சதவீதத்தையும் 80 சதவீதத்தையும் பத்து வாரங்கள் ஒப்பிட்டுப் பார்த்தது. இரண்டிலும் இனி முடியாது என்ற இடம் வரை சென்றவர்களுக்குத் தசைப் பருமன் ஏறக்குறைய ஒரே அளவில் கூடியது. உச்ச பலம் மட்டும் கனத்த எடையில் அதிகம் கூடியது. அதாவது தசை, கையில் இருக்கும் இரும்பின் எடையைக் கேட்பதில்லை. தன் இழைகள் எல்லாம் களமிறங்கினவா என்று மட்டுமே கேட்கிறது. குறைந்த எடையில் களைப்பு ஏற ஏற, சிறிய அணிகள் ஓய்ந்து, பெரிய அணிகள் வேறு வழியின்றி இறங்குகின்றன.

ஸ்பிரிங்கின் கதை வேறு. ஸ்பிரிங்கை எவ்வளவு நீட்டுகிறோமோ அவ்வளவு அதன் எதிர்ப்பும் கூடும். நெஞ்சை விரிக்கும் பயிற்சியில் தொடக்கம் எளிது, முடிவில்தான் முழுப் பாரம். ஆகவே தசை குறுகிய நிலையில் அதிகம் உழைக்கிறது. டம்பெல்லில் எடை மாறாது, மூட்டின் கோணத்துக்கேற்ப அதன் சுமை மாறும். அண்மைக் கால ஆய்வுகள் தசை நீண்டிருக்கும் நிலையில் பாரம் விழுவது வளர்ச்சிக்கு உதவுவதாகக் காட்டுகின்றன. ஸ்பிரிங் மட்டும் பிடித்தவர்கள் அந்தப் பலனை இழந்திருக்கக்கூடும். ஐயர் ஒரே கருவியை மட்டும் பிடித்துக்கொள்ளவில்லை என்பதால் அவருக்கு அந்தக் குறை இல்லை. பாரத்தைப் படிப்படியாக ஏற்றும் முறையை மருத்துவத்துக்குள் கொண்டுவந்தவர் அமெரிக்க ராணுவ மருத்துவர் தாமஸ் டிலோர்ம். இரண்டாம் உலகப் போரில் காயமுற்ற வீரர்களின் கால்களை மீட்டெடுக்க அவர் கையாண்ட வழி 1945இல் கட்டுரையாக வெளிவந்தது. பத்துப் பத்தாகச் செட் போடும் வழக்கம் உலகெங்கும் பரவியதில் அவருக்குப் பெரும் பங்குண்டு.

உணவுக்கு வருவோம். இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகம் பரிந்துரைக்கும் புரத அளவு, ஒரு கிலோ உடல் எடைக்கு நாளொன்றுக்கு 0.83 கிராம். 60 கிலோ எடையுள்ளவருக்கு 50 கிராம். தசை வளர்க்கப் பாரம் தூக்குபவர்களுக்கு, 49 ஆய்வுகளைத் தொகுத்துப் பார்த்த 2018ஆம் ஆண்டுக் கட்டுரை ஒன்று, கிலோவுக்குச் சுமார் 1.6 கிராம் வரை பயன் தருவதாகவும் அதற்கு மேல் கூடுதல் பயன் தெரியவில்லை என்றும் கண்டது. அதே மனிதருக்கு அது 96 கிராம். பவுடர் இல்லாமல் இதை எட்ட முடியாது என்ற பேச்சு ஜிம்களில் சாதாரணம். கணக்குப் போட்டால் முடியும். 100 கிராம் பருப்பில் 22 முதல் 24 கிராம், நிலக்கடலையில் ஏறக்குறைய 25 கிராம், சோயா உருண்டையில் 50 கிராமுக்கு மேல், ஒரு முட்டையில் 6 கிராமுக்குச் சற்று அதிகம். கர்நாடகத்தின் பெருமையான ராகியில் கால்சியம் மிக அதிகம், ஆனால் புரதம் 7 கிராம் அளவுதான். களியை மட்டும் உண்டு தசை வளர்க்க முடியாது. அதனோடு வரும் சாறும் பருப்பும்தான் குறையை நிரப்புகின்றன. அரிசியில் குறையும் லைசின் உளுந்தில் உண்டு, உளுந்தில் குறையும் கந்தக அமினோ அமிலங்கள் அரிசியில் உண்டு. இட்லி மாவு அரைத்த பாட்டிகள் இந்த இரண்டையும் என்றைக்கோ சேர்த்துவிட்டார்கள்.

பயில்வான்கள் பச்சை முட்டையைக் குடிக்கும் வழக்கத்தையும் இங்கே சொல்லத்தான் வேண்டும். பெல்ஜியத்தில் 1998இல் நடந்த ஓர் ஆய்வில், வெந்த முட்டையின் புரதத்தில் 90 சதவீதத்துக்கு மேல் செரித்தது. பச்சை முட்டையில் பாதிதான். சமைக்கும் சூடு புரதச் சுருளை அவிழ்த்துவிடுவதால் செரிமான நொதிகள் உள்ளே புக வழி கிடைக்கிறது. குடித்தவர் வீரர்தான், ஆனால் பாதி வீணாகிறது.

பயிற்சிக்கும் உணவுக்கும் அப்பால் மருந்து வந்தது பிறகுதான். 1935இல் ஆம்ஸ்டர்டாமில் எர்னஸ்ட் லாக்கரின் குழு, 100 கிலோ காளை விரைகளிலிருந்து 10 மில்லிகிராம் படிகத்தைப் பிரித்தெடுத்து அதற்கு டெஸ்டோஸ்டிரோன் என்று பெயரிட்டது. அதே ஆண்டில் அடோல்ஃப் புட்டனான்ட்டும் லியோபோல்ட் ருஜிச்காவும் அதைச் செயற்கையாகத் தயாரித்தார்கள். 1939இல் அவர்களுக்கு நோபல் பரிசு அறிவிக்கப்பட்டது. 1950களின் இறுதியில் டெஸ்டோஸ்டிரோனின் வழிவந்த, வாய்வழி உட்கொள்ளும் ஸ்டீராய்டு மாத்திரை அமெரிக்கச் சந்தைக்கு வந்தது. அதற்குப் பிறகு மேடையில் நின்ற உடல்களுக்கும் அதற்கு முன்பு நின்றவற்றுக்கும் ஒரே அளவுகோல் பொருந்தாது.

இந்த இடைவெளியை எண்ணால் சொல்ல முயன்றது 1995இல் வெளிவந்த ஓர் ஆய்வு. கொழுப்பு நீங்கிய உடல் எடையை உயரத்தின் வர்க்கத்தால் வகுத்து ஒரு குறியீட்டை அது பயன்படுத்தியது. ஸ்டீராய்டு பயன்படுத்தாத வீரர்களில் இந்தக் குறியீடு ஏறக்குறைய 25ஐ எட்டி நின்றுவிட்டது. பயன்படுத்தியவர்களில் பலர் அதைத் தாண்டிப் போயிருந்தார்கள். மாத்திரைக் காலத்துக்கு முந்தைய 1939–1959 மிஸ்டர் அமெரிக்கா வெற்றியாளர்களின் சராசரி 25.4 என்று அதே ஆய்வு கணித்தது. ஆகவே இது கடக்கவே முடியாத கோடு அல்ல. ஆனால் பிறவியிலேயே வாய்ப்புப் பெற்ற மிகச் சிலர் எட்டும் எல்லைக்கு அருகில் அது இருக்கிறது. 170 சென்டிமீட்டர் உயரமுள்ள, உடலில் 10 சதவீதம் கொழுப்பு உள்ள ஒருவருக்கு அந்த எல்லை சுமார் 80 கிலோ. அதே உயரத்தில் 95 கிலோ கட்டுடலோடு, வயிற்றில் மடிப்பில்லாமல் திரையில் நிற்கும் ஒருவரைப் பார்த்து ஈஜிபுரா இளைஞன் ஏங்கினால், அவன் ஏங்குவது பயிற்சி மட்டுமே தரமுடியாத ஒன்றுக்கு.

மருந்தின் ஆற்றல் எவ்வளவு என்பதற்கும் நேரடிச் சான்று உண்டு. இந்திய வம்சாவளி மருத்துவர் ஷலேந்தர் பசினின் குழு 1996இல் நியூ இங்கிலாந்து மருத்துவ இதழில் வெளியிட்ட ஆய்வில், 43 ஆண்கள் நான்கு பிரிவாகப் பிரிக்கப்பட்டார்கள். வாரம் 600 மில்லிகிராம் டெஸ்டோஸ்டிரோன் ஊசி மட்டும் போட்டு, பாரமே தூக்காமல் இருந்தவர்கள் பத்து வாரத்தில் 3 கிலோவுக்கு மேல் கொழுப்பற்ற எடை கூடினார்கள். வெற்று ஊசியோடு பயிற்சி செய்தவர்களுக்குக் கூடியது சுமார் 2 கிலோ. இரண்டையும் சேர்த்தவர்களுக்கு 6 கிலோ. வியர்வை சிந்தாமல் ஊசி மட்டும் போட்டவர், சிந்தியவரை முந்தியிருக்கிறார். இந்த ஒரு எண்ணைத் தெரிந்துகொண்ட பிறகு, நாலே மாதத்தில் உருமாறிய உடல்களின் விளம்பரப் படங்களை யாரும் பழைய கண்ணால் பார்க்க முடியாது.

விலையும் உண்டு. வெளியிலிருந்து ஹார்மோன் வரும்போது மூளை உள் உற்பத்தியை நிறுத்திவிடுகிறது. விரைகள் சிறுக்கின்றன, விந்தணு குறைகிறது, நிறுத்திய பிறகும் மாதக்கணக்கில் அது திரும்பாமல் போகலாம். நல்ல கொழுப்பு எனப்படும் எச்டிஎல் சரிகிறது, இதயத்தின் இடது அறைச் சுவர் தடிக்கிறது, மாத்திரை வடிவங்கள் கல்லீரலைத் தாக்குகின்றன. வளர் பருவத்தில் எடுத்தால் எலும்பு முனைகள் முன்கூட்டியே மூடி உயரம் நின்றுவிடும். மருத்துவர் சீட்டு இல்லாமல் விற்கக் கூடாத இந்த மருந்துகள் லாக்கர் அறைகளில் கைமாறுவது வேதனையானது. இருபது வயதில் எடுத்துக்கொள்பவனுக்கு முப்பது வயதுக் கணக்கை யாரும் எடுத்துச் சொல்வதில்லை. அதை விற்பவரிடம் அந்த நேர்மையை எதிர்பார்க்க முடியாது. கற்றுக்கொடுப்பவரிடம் எதிர்பார்க்கலாம்.

ஐயர் கற்றுக்கொடுத்தவர். அவரிடம் நேரில் வர முடியாதவர்களுக்கு அஞ்சல் வழிப் பாடம் அனுப்பினார். கன்னட இலக்கிய உலகத்துக்கு அவர் வேறு காரணத்தால் நெருக்கமானவர். ஹொய்சள அரசி சாந்தலையை நாயகியாக்கி ‘சாந்தலா’ என்ற நாவல், ‘ரூபதர்சி’ என்ற நாவல், சிறுகதைகள் என எழுதினார். தமிழைத் தாய்மொழியாகக் கொண்டு கன்னட நாடகத்தைப் புரட்டிப்போட்ட டி.பி. கைலாசம் அவருடைய நெருங்கிய நண்பர். கைலாசம் 1946இல் மறைந்த பின் அவரைப் பற்றிய நினைவுகளை ஐயர் எழுதினார். ‘ரவி கலாவிதரு’ என்ற நாடகக் குழுவும் அவர் முயற்சியில் நடந்தது. காலையில் பார்பெல்லும் மாலையில் ஒத்திகையும் நடக்கும் இடமாக வியாயாமசாலை இருந்தது. தசையைப் பற்றி எழுதிய கையே சிற்பத்தையும் ஓவியத்தையும் பற்றி எழுதியதில் வியப்பில்லை. இரண்டிலும் அவர் தேடியது அளவும் பொருத்தமும். கை மட்டும் தடித்து கால் மெலிந்த உடலை அவர் அழகு என்று ஏற்றதில்லை.

ஐயர் 1980இல், எண்பது வயதைத் தாண்டிய பிறகு மறைந்தார். கல்கத்தாவில் 1952இன் மிஸ்டர் யுனிவர்ஸ் மனோகர் ஐச், ஐந்தடிக்கும் குறைந்த உயரத்தோடு, 104 வயது வரை வாழ்ந்து 2016இல் காலமானார். இருவரின் ஆயுளை வைத்து விதி எழுத முடியாது. ஆனால் முதுமையில் தசைக்கு என்ன ஆகிறது என்பது நன்கு ஆராயப்பட்ட ஒன்று. முப்பது வயதுக்குப் பிறகு பத்தாண்டுக்கு 3 முதல் 8 சதவீதம் தசை கரைகிறது, அறுபதுக்குப் பிறகு வேகம் கூடுகிறது. வேகமாக இயங்கும் இழைகள் முதலில் போகின்றன. தடுக்கி விழப்போகும் கணத்தில் காலை வீசி ஊன்ற உதவுபவை அவை. சர்க்கரையை ரத்தத்திலிருந்து வாங்கிச் சேமிப்பதில் பெரும் பங்கு தசைக்கே என்பதால், தசை குறைந்த உடலில் நீரிழிவும் எளிதில் ஏறுகிறது. இந்தியர்களுக்கு மற்றவர்களை விடக் குறைந்த எடையிலேயே சர்க்கரை நோய் வருவதற்கு, தசை குறைவாகவும் கொழுப்பு கூடுதலாகவும் இருக்கும் உடலமைப்பு காரணங்களில் ஒன்று.

ஒருமுறை வளர்த்த தசை முழுவதும் மறப்பதில்லை. நார்வேயில் கிறிஸ்டியன் குண்டர்சனின் குழு எலிகளில் 2010இல் கண்டபடி, கூடுதல் பாரத்தால் இழை பெற்ற புதிய கருக்கள், இழை மெலிந்த பிறகும் தங்கிவிடுகின்றன. இளமையில் பயின்றவர் ஆண்டுகள் கழித்துத் திரும்பி வந்தால் விரைவில் மீள்வதற்கு இது ஒரு விளக்கமாக இருக்கலாம். தாமதமாகத் தொடங்குவதற்கும் எல்லை தெரியவில்லை. 1990இல் பாஸ்டனில் முதியோர் இல்லத்தில் இருந்த பத்துப் பேருக்கு, சராசரி வயது 90, எட்டு வாரங்கள் கால்களுக்குக் கனத்த பாரப் பயிற்சி தரப்பட்டது. முடித்த ஒன்பது பேரின் கால் பலம் சராசரியாக 174 சதவீதம் கூடியது. இருவர் கைத்தடியைப் பிடிக்காமல் நடக்கத் தொடங்கினார்கள்.

பெங்களூரின் பூங்காக்களில் இப்போது திறந்தவெளி உடற்பயிற்சிக் கருவிகள் நிற்கின்றன. காலையில் நடைக்கு வரும் முதியவர்கள் அவற்றில் ஏறி, பேச்சுக்கிடையே சில முறை ஆட்டிவிட்டு இறங்குகிறார்கள். பெரும்பாலான கருவிகளில் பாரம் மாறாது என்பது இளவட்டக்கல்லின் அதே குறை. அங்கே இருக்கும் சிமென்ட் பெஞ்சில் கைகளை மார்பில் கட்டிக்கொண்டு மெதுவாக உட்கார்ந்து எழுந்தால், முதலில் எட்டு முறை, பிறகு பத்து, பிறகு பையில் ஒரு கிலோ அரிசியைச் சேர்த்து என்று ஏற்றிக்கொண்டே போகலாம். தொடையின் பெருந்தசைக்கு வாரத்தில் இரண்டு மூன்று நாள் அது போதும்.